பாதிக்குப் பாதி காற்று

என் வீட்டுக்காரருக்கு அவருடைய அப்பா அம்மா வைத்த பெயர் ஒன்று உண்டு. அது பத்திரங்களில் மட்டும் உயிரோடு இருக்கிறது. மற்றபடி வேலை நடக்கிற இடத்தில், தெருவில், என் பிறந்த வீட்டில் எல்லோருக்கும் அவர் ‘ரசமட்டம்’தான். தொழில் கான்கிரீட் மேஸ்திரி. கட்டடக்காரர்கள் தரை சரியாக இருக்கிறதா என்று வைத்துப் பார்ப்பார்களே, கண்ணாடிக் குழாய்க்குள் பச்சைத் திரவமும் அதில் ஒரு குமிழியும் மிதக்கும் அந்தச் சின்னக் கருவி, அதற்குப் பெயர்தான் ரசமட்டம். மற்ற ஆண்கள் சீப்பு வைத்துக்கொள்ளும் சட்டைப் பையில் இவர் அதை வைத்திருப்பார். சீப்பு அவருக்குத் தேவைப்பட்டு வெகுகாலம் ஆகிறது.

குமிழி இரண்டு கோட்டுக்கும் நடுவில் நின்றால் “சரியா இருக்கு” என்பார். நிற்காவிட்டால் “கோணல்” என்பார். இந்த உலகத்தைப் பற்றி அவருக்குள்ள அபிப்பிராயம் மொத்தமே இந்த இரண்டுதான். முதன்முதலில் எங்கள் வீட்டுக்கு வந்த அன்று என்னைப் பார்ப்பதற்கு முன்னால் எங்கள் அலமாரியைப் பார்த்தார். எழுந்துபோய் அதன் மேல் ரசமட்டத்தை வைத்து, “அலமாரி சாயுதுங்க. இடது காலுக்கு ஒரு அட்டை குடுத்தீங்கன்னா சரியாயிடும்” என்றார். பையன் பொறுப்பானவன் என்று என் அப்பா அங்கேயே முடிவு செய்துவிட்டார். அலமாரிக்கு அட்டை வந்தது, எனக்கு இவர் வந்தார். அலமாரி பிறகு சாயவில்லை.

ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். அவர் ஒரு தளத்தைப் பார்த்து “சரியா இருக்கு” என்று சொல்லிவிட்டால் வேறு யாரும் அதன்மேல் மறுபடி மட்டம் வைத்துப் பார்க்க மாட்டார்கள். முதலாளிக்குப் பயந்தோ, சொந்தக்காரர் முகத்துக்காகவோ கோணலைச் சரி என்று அவர் சொன்னதே கிடையாது. அவருடைய அண்ணன் புது வீட்டுக்குக் குடிபோன அன்று, வந்தவர்கள் எல்லாம் ஆகா ஓகோ என்று சொல்லிக்கொண்டிருந்தபோது, இவர் வாசற்படியில் குந்தி மட்டம் வைத்துப் பார்த்து “கோணல்” என்று அறிவித்தார். அண்ணன் அன்றைக்குத் திருப்பிக்கொண்ட முகத்தை இன்னும் இந்தப் பக்கம் திருப்பவில்லை. இவருக்கு அதில் வருத்தம் ஏதுமில்லை. படி கோணல்தானே என்கிறார்.

வீட்டுக்குள்ளும் அதே நியாயம்தான். நான் புதுத் துணி கட்டிக்கொண்டு எதிரே போய் நின்றால், எனக்குப் பின்னால் சுவரில் மாட்டியிருக்கும் படம் சாய்ந்திருப்பது அவர் கண்ணில் படும். மகள் சின்னவளாக இருந்தபோது ஒரு வீடு வரைந்து, மரம் வரைந்து, வாசலில் அப்பாவையும் நிற்க வைத்து எடுத்துக்கொண்டு ஓடிவந்தாள். “வீடு சாஞ்சிருக்கு பாப்பா” என்றார். அவள் அழித்து வரைந்தாள். மறுபடியும் சாய்ந்தது. பள்ளிக்கூடம் முடிந்தது, படிப்பு முடிந்தது, கல்யாணம்கூட முடிந்தது. ‘சரியா இருக்கு’ என்ற அந்த இரண்டு வார்த்தைக்காக அந்தப் பெண் இன்னமும் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். எனக்கு அது பழகிவிட்டது. பெற்ற பெண்ணுக்குப் பழகவில்லை.

இனி காற்றுக்கு வருகிறேன். கான்கிரீட்காரர்களுக்குக் காற்று ஜென்ம விரோதி. கலவையைக் கொட்டியதும் அதற்குள் ஒரு அதிரும் குழாயை விட்டு, உள்ளே இருக்கும் காற்றையெல்லாம் வெளியேற்றுவார்கள். காற்று தங்கிவிட்டால் காய்ந்த பிறகு தூணுக்குள் தேன்கூடு மாதிரி பொத்தல் பொத்தலாக இருக்குமாம், பலம் போய்விடுமாம். இவர் சாப்பாட்டு மேஜையில்கூடக் காற்றைத் திட்டுவார். நல்ல உப்பலான ரொட்டியை எடுத்து இரண்டு விரலால் அமுக்கிப் பார்த்து, “ஏமாத்தறாங்க” என்பார்.

இப்படிப்பட்டவருக்குப் பிறந்த மகள், ஆபீஸ் வேலையை விட்டுவிட்டு ஐஸ்கிரீம் கடை வைக்கிறேன் என்றாள். அதிலும் பழ கிரம்பிள் ஐஸ்கிரீம். மாவையும் வெண்ணெயையும் சர்க்கரையையும் விரல் நுனியால் உதிர்த்து, ஓவனில் வைத்து மொறுமொறுவென்று எடுத்தால் அதற்குப் பெயர் கிரம்பிள். பழத்தைச் சர்க்கரையில் சுண்டவைத்து, இதையும் அதையும் ஐஸ்கிரீமுக்கு நடுவே அடுக்கடுக்காக வைத்து உறைய விடுவாள். எங்கள் வீட்டு அடுப்படியில் அதைச் செய்து பார்த்துப் பார்த்து, நானும் பக்கத்து வீட்டுக்காரர்களும் எடை ஏறிய பிறகுதான் கடையைத் திறந்தாள். அந்தச் சமயமெல்லாம் இவர் ஒரு பாலத்து வேலையில் வெளியூரில் இருந்தார். அதை எங்கள் அதிர்ஷ்டம் என்று அப்போது நினைத்திருந்தோம்.

திறப்பு நாளைக்கு வந்து சேர்ந்தார். கடை சின்னதுதான். சுவருக்கு வெளிர் மஞ்சள் வண்ணம், வெளியே இரண்டு பெஞ்சு, உள்ளே வழவழவென்று வெள்ளைப் பலகை போட்ட கவுண்டர். கவுண்டரை மகளும் மருமகனும் சேர்ந்து தாங்களே பொருத்தியிருந்தார்கள். மருமகன் மூக்குக் கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிறவர். ஊரார் கண்ணையெல்லாம் சரிபார்க்கிற மனிதர் போட்ட கவுண்டர் எப்படி இருக்கும் என்று நினைக்கிறீர்கள்? மகள் முதல் கிண்ணத்தை எடுத்து, மேலே ஒரு ஸ்பூன் செருகி, ஆசையாக அப்பா முன்னால் வைத்தாள். கிண்ணம் தானாக நகர்ந்தது. மெதுவாக, அவசரமே இல்லாமல், அவரை நோக்கி வந்தது. விளிம்பில் விழப்போன கிண்ணத்தை அவர் பிடித்துக்கொண்டார்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். யார் நிறுத்துவது? கை சட்டைப் பைக்குப் போனது. நான் கண்ணால் எவ்வளவோ சொன்னேன். ரசமட்டம் கவுண்டரில் உட்கார்ந்தது.

“கோணல்,” என்றார்.

மருமகன் சிரித்து மழுப்பினார். மகள், “அது கிடக்கட்டும்ப்பா, முதல்ல சாப்பிட்டுப் பாருங்க” என்றாள். இவர் சாப்பிடவில்லை, ஸ்பூனின் பின்பக்கத்தால் ஐஸ்கிரீமை அமுக்கிப் பார்த்தார். அது மெத்தென்று உள்ளே போனது. பிறகு ஒரு வாய் வைத்துக்கொண்டார். கடையில் வரிசையாக ஆட்கள் நிற்கிறார்கள், வாசல் வரைக்கும் கூட்டம். இவருக்குச் சாதாரணமாகப் பேசினாலே நாலாவது மாடிக்குக் கேட்கும் குரல்.

“இதுல பாதிக்குப் பாதி காத்துதானே இருக்கு பாப்பா? காத்தையா விக்கற?”

வரிசையில் முன்னால் நின்ற அம்மாள் கையிலிருந்த கிண்ணத்தைத் தூக்கிப் பார்த்தார். “ஆமா, வெயிட்டே இல்லையே” என்றார். அதைக் கவுண்டரிலேயே வைத்துவிட்டுப் போய்விட்டார். அந்தக் கிண்ணமும் நகர்ந்து நகர்ந்து வந்தது. இந்தத் தடவை யாரும் பிடிக்கவில்லை. அந்த அம்மாளுக்குப் பின்னால் நின்ற இரண்டு பேரும் கிளம்பினார்கள்.

மகள் அழவில்லை. தரையைத் துடைத்தாள், கையைக் கழுவினாள். பிறகு அவரிடம் வந்து மெதுவாகச் சொன்னாள். “இனிமே நீங்க இங்க வர வேண்டாம்ப்பா. நானும் அங்க வரல.”

“உண்மையத்தானே சொன்னேன்,” என்றார் இவர், வீட்டுக்கு வரும் வழியெல்லாம். நான் வாயைத் திறந்திருந்தால் அன்றைக்கே இன்னொரு குடும்பமும் பிரிந்திருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை தோறும் மத்தியானச் சாப்பாட்டுக்கு வருகிறவள் அந்த ஞாயிறு வரவில்லை. அடுத்த ஞாயிறும் வரவில்லை. அவள் உட்காரும் நாற்காலியை இவர் ஜன்னலோரத்துக்கு இழுத்துப் போட்டார். ஏன் என்று கேட்டதற்கு, வெளிச்சத்தை மறைக்கிறது என்றார். அடுத்த நாள் பழைய இடத்துக்கே இழுத்துப் போட்டார். அதற்கும் ஏதோ காரணம் சொன்னார். போன் அடித்தால் எனக்கு முன்னால் எட்டிப் பார்ப்பார். வேறு யாராவது என்றால், தான் மணி பார்த்ததாகச் சொல்லுவார். கடையிலும் வியாபாரம் மந்தம் என்று மருமகன் சொன்னார். ‘காத்து ஐஸ்கிரீம்’ என்று அந்தத் தெருவில் பெயர் நிலைத்துவிட்டதாம். பெற்ற அப்பன் வைத்த பெயராயிற்றே, லேசில் போகுமா?

அதற்குள் மழை பிடித்துக்கொண்டது. மழையில் தளம் போட முடியாது. மேஸ்திரி வீட்டில். நான் மருந்துக் கடையில் வேலை பார்க்கிறேன், எனக்கு மழையும் இல்லை வெயிலும் இல்லை. மழையில்தான் எங்களுக்கு வியாபாரமே. ஒருநாள் வேலை முடிந்து வீட்டுக்கு வந்தால், அடுப்படி மேடை முழுக்க மாவு. அதற்கு நடுவில் என் சல்லடையைக் கையில் வைத்துக்கொண்டு இவர்.

“என்ன பண்றீங்க?”

“ஐஸ்கிரீம் போடறேன்.”

செய்கிறேன் என்று சொல்லவில்லை, தளம் போடுவது மாதிரி போடுகிறேன் என்கிறார். அப்போதே நான் திரும்பி மருந்துக் கடைக்குப் போயிருக்க வேண்டும்.

“காத்தே இல்லாம கெட்டியா ஒண்ணு போட்டு அவளுக்கு அனுப்பப்போறேன். எப்படிச் செய்யறதுன்னு பாத்துக் கத்துக்கட்டும்.”

“ஐஸ்கிரீம் வேணுமா, பொண்ணு வேணுமா உங்களுக்கு?” என்று கேட்டேன். அவர் சல்லடையைத் தட்டிக்கொண்டிருந்தார். தட்டுவது கொஞ்சம் வேகமானது.

வேலை சுத்தம் என்பதில் குறை சொல்ல முடியாது. ஆப்பிளை எல்லாத் துண்டும் ஒரே அளவில் வெட்டியிருந்தார். கிரம்பிளை அவர் கிரம்பிள் என்று ஒரு தடவைகூடச் சொல்லவில்லை. “ஜல்லி” என்றார். ஜல்லியைச் சலித்து, பெரியது தனி, சின்னது தனி, பொடி தனி என்று மூன்று குவியலாகப் பிரித்து வைத்திருந்தார். கிரீமை நுரைக்க நுரைக்க அடித்து, டின் பாலைக் கலந்து கொடுப்பதுதான் எனக்கு விடப்பட்ட சிற்றாள் வேலை. கை வலிக்க அடித்துக் கொடுத்தேன். பஞ்சு மாதிரி பொங்கி நின்றது. பழத்தையும் ஜல்லியையும் போட்டுக் கிளறி டப்பாவில் நிரப்பினார். மூடியைப் போட்டு டப்பாவைத் தூக்கிக்கொண்டு அடுப்படியை விட்டு வெளியே போனார்.

எங்கே போகிறார் என்று பின்னால் போய்ப் பார்த்தேன். துணி துவைக்கும் மிஷினில் ஈரத்துணியைப் பிழிய விட்டிருந்தார். அது குதி குதி என்று குதித்துக்கொண்டிருந்தது. அதன் தலையில் டப்பாவை வைத்து இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்துக்கொண்டு, மூடியைக் கொஞ்சம் திறந்து உள்ளே பார்த்தார்.

“பாரு, பாரு, எப்படிக் கொப்புளம் கொப்புளமா வெளிய வருது பாரு. எவ்வளவு காத்து!”

நான் அரை மணி நேரம் கை வலிக்க அடித்து உள்ளே ஏற்றிய காற்று அது. மிஷின் நின்றபோது டப்பாவில் இருந்தது பாதியாகி அடியில் உட்கார்ந்திருந்தது. அவர் முகத்தில் அப்படி ஒரு நிறைவு. முதல் தளம் போட்ட அன்றுகூட அவ்வளவு சந்தோஷப்பட்டிருக்க மாட்டார்.

அதன் பிறகு பிரீஸருக்குள் ரசமட்டத்தை வைத்துப் பார்த்தார். பிரிட்ஜ் கோணலாம். அதன் காலுக்கு அட்டை கொடுத்தார். டப்பாவை வைத்து, மேலே மட்டப்பலகைக்குப் பதில் என் அடிஸ்கேலால் வழித்து, மூடினார். அப்பாடா என்று நான் உட்கார்ந்தால், கொஞ்ச நேரம் கழித்து ஒரு டம்ளர் தண்ணீரோடு பிரிட்ஜ் பக்கம் போகிறார்.

“தண்ணி எதுக்கு?”

“கியூரிங் வேண்டாமா? மேல தண்ணி காட்டலேன்னா வெடிச்சுப் போகும்.”

தண்ணீர் தெளித்தார். ஈரத் துணி போர்த்தினார். அந்தத் துணி, விருந்தாளி வந்தால் எடுப்பதற்கென்று நான் மடித்து வைத்திருந்த துண்டு.

மறுநாள் அது உறைந்தது என்று சொன்னால் போதாது. துண்டும் சேர்ந்து உறைந்திருந்தது. ஸ்பூனை வைத்து அழுத்தினேன், ஸ்பூன் வளைந்தது. இவர் விரல் முட்டியால் தட்டி, காதைக் கொடுத்துச் சத்தம் கேட்டார். “பாத்தியா, பலம்” என்றார். உளியை எடுத்து வந்தார். அடித்த அடியில் ஒரு துண்டு பறந்து போய்ச் சுவர்க் கடிகாரத்தில் பட்டது. கடிகாரம் சாய்ந்தது. முதலில் கடிகாரத்தை மட்டம் பார்த்துச் சரிசெய்துவிட்டு வந்துதான் ஐஸ்கிரீமை வாயில் போட்டார். கன்னத்தைப் பிடித்துக்கொண்டே, “நல்லாத்தான் இருக்கு” என்றார். “சரியா இருக்கு” என்று சொல்லவில்லை என்பதைக் கவனித்தேன். தான் செய்த பண்டத்துக்கே அந்த மனிதர் பொய் சொல்ல மாட்டார்.

மருந்துக் கடையில் கூட்டம் இல்லாத நேரம் மகளுக்குப் போன் போட்டு, நடந்ததைச் சொன்னேன். துவைக்கும் மிஷின் பேச்சு வந்ததும் அந்தப் பக்கம் ஏதோ சத்தம். சிரிப்பா, தும்மலா தெரியவில்லை. அப்புறம் குரல் இறுகிவிட்டது.

“எதுக்கும்மா செய்யறாராம்?”

“உனக்கு அனுப்பத்தான்.”

“சமாதானத்துக்கா, சண்டைக்கா?”

பொய் சொல்ல எனக்கு ஆசைதான். “சண்டைக்குத்தான்னு சொல்லிக்கிறார்,” என்றேன்.

“அப்ப வேண்டாம்மா. ஒவ்வொரு தடவையும் இந்தத் தடவையாவது சொல்லுவார்னு போய் நிப்பேன். இதுக்கும் மேல என்னால நிக்க முடியாதும்மா. என் கடையில வெச்சு, என் எதிரிலயே சொல்லிட்டார்.” பிறகு வாய் சும்மா இருக்காமல் கேட்டாள். “கிரம்பிளை ஆறவெச்சுத்தானே போட்டார்?”

“உங்கப்பா எதை ஆறப்போட்டிருக்கார்?” என்றேன். போனை வைத்தேன். வந்து நின்ற ஆளுக்கு இருமல் மருந்துக்குப் பதில் வேறு எதையோ எடுத்துக் கொடுக்கப் பார்த்தேன்.

இரண்டாம் தடவையும் போட்டார். தண்ணீர் தெளிப்பதை மட்டும் என் கெஞ்சலுக்காக விட்டார். துவைக்கும் மிஷினை விடவில்லை. ஜல்லியை ஓவனிலிருந்து எடுத்த சூட்டோடு கொட்டினார், சூடாகப் போட்டால்தான் நன்றாகப் பிடிக்குமாம். சூடு பட்டு மேல் பக்கம் உருகி, ஜல்லி கூழாகி, அது அப்படியே உறைந்து, எடுத்துப் பார்த்தால் மழையில் நனைந்த அட்டைப்பெட்டி மாதிரி இருந்தது. இவர் அதைக் கிள்ளி முகர்ந்து பார்த்து, “மாவு பழசு. சிமெண்டும் இப்படித்தான், பழசானா பிடிக்காது” என்றார்.

எனக்கு வந்ததே கோபம். வீட்டில் சர்க்கரை காலி. மேடையெல்லாம் பிசுபிசுப்பு. நல்ல துண்டு போச்சு, ஸ்பூன் போச்சு, மகள் வரவில்லை, இவர் மாவைக் குறை சொல்லிக்கொண்டு நிற்கிறார்.

“மாவுல ஒரு குத்தமும் இல்ல. காத்து இருந்தாத்தான் அது ஐஸ்கிரீம். இல்லாட்டி உறைஞ்ச பாலு. அவ ஏமாத்தல, அவ தொழிலே அதுதான்.”

“காத்தை நம்பி யாராவது ஒரு பொருள் செய்வாங்களா?” என்றார்.

நேரே போய் அவர் சட்டைப் பையிலிருந்த ரசமட்டத்தை உருவினேன். கல்யாணமான நாளிலிருந்து அதை நான் தொட்டதில்லை. அவர் பதறிவிட்டார்.

“இதுக்குள்ள என்ன இருக்கு?”

“ஸ்பிரிட்டு.”

“நடுவுல மிதக்குதே, அது?”

“குமிழி.”

“குமிழிக்குள்ள என்ன இருக்கு?”

ரசமட்டத்தை வாங்கக் கையை நீட்டினார்.

“சொல்லுங்க. அண்ணனை நம்பல, பொண்டாட்டியை நம்பல, பெத்த பொண்ணை நம்பல. இந்தத் துளிக் காத்தைத்தானே இத்தனை வருஷமா சட்டைப் பையில வெச்சுத் தாலாட்டிட்டு இருக்கீங்க? அது சொன்னா சரி, அது சொன்னா கோணல். இதுல பாப்பா காத்தை விக்கறாளாம்.”

ரசமட்டத்தைக் கையில் திணித்துவிட்டு மேடையைத் துடைக்க ஆரம்பித்தேன். இவ்வளவு நீளமாக நான் பேசியதில்லை. அவர் அதை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, இப்படியும் அப்படியும் சாய்த்துப் பார்த்தார். குமிழி அந்தப் பக்கம் ஓடியது, இந்தப் பக்கம் ஓடியது. வெளியே மழை ஓய்ந்து சொட்டிக்கொண்டிருந்தது. வெகு நேரம் கழித்து அடுப்படிக்கு வந்து, சண்டையே நடக்காதது போல, “கிரீமை எதுவரைக்கும் அடிக்கணும்?” என்று கேட்டார்.

மூன்றாம் தடவை என்னை அடிக்கவிடாமல் தானே அடித்தார். தூக்கினால் நுனி நிமிர்ந்து நிற்கிற பதத்தில் நிறுத்தச் சொன்னேன், நிறுத்தினார். ஜல்லியைத் தட்டில் பரப்பி, ஆறுகிறதா என்று புறங்கையால் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டு காவல் இருந்தார். பழத்தைத் தண்ணீர் வற்றும் வரை சுண்டவைத்தார். அடுக்கும்போது டப்பாவைக் கீழே தட்டப்போன கையை, பாதியில் தானே இழுத்துக்கொண்டார். பிரிட்ஜை மட்டம் பார்த்ததை நான் கண்டுகொள்ளவில்லை. ஒரு மனிதன் ஒரே நாளில் எவ்வளவுதான் திருந்துவான்?

மறுநாள் ஆளுக்கொரு கிண்ணம் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தோம். ஸ்பூன் சிரமமில்லாமல் இறங்கியது. பல்லில் கிரம்பிள் மொறுமொறுவென்று உடைந்தது, பிறகு புளிப்பும் இனிப்புமாகப் பழம். அவர் தின்றார். கிண்ணத்தை வழித்தார். வழித்த கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“பாப்பா செஞ்சது மாதிரியே இருக்கு,” என்றார்.

“அன்னைக்கு ஒரு வாய்தானே தின்னீங்க?”

“ஒரு வாய் போதாதா?” குரல் எப்போதும் போல இல்லை. “நல்லா இருந்துது. அன்னைக்கே நல்லாத்தான் இருந்துது.”

“அதைப் போய் அவகிட்ட சொல்லுங்க.”

“என்னன்னு சொல்ல?”

“அவ எதுக்காகக் காத்துட்டு இருக்கான்னு உங்களுக்குத் தெரியாதா? ரெண்டே வார்த்தை.”

அவர் சங்கடமாக நெளிந்தார். “கவுண்டர் கோணலா இருக்கே. அங்க போய் நின்னுக்கிட்டு எப்படிச் சொல்றது?”

“அந்தச் சனியனை வீட்லயே வெச்சுட்டுப் போங்க.”

“பையில இல்லாமப் போனா நான் பயந்துட்டுத்தான் வெச்சுட்டு வந்தேன்னு நினைப்பா.” நிஜமாகவே கவலைப்பட்டார். படியைக் கோணல் என்று சொல்லி அண்ணனையே இழந்த மனிதர். அவரிடம் போய்ப் பொய் சொல்லுங்கள் என்று நானும் எந்த வாயால் சொல்வது? நான் விட்டுவிட்டேன்.

மறுநாள் மாலை டப்பாவைத் தெர்மகோல் பெட்டியில் வைத்துக்கொண்டு, “வர்றியா?” என்றார். பின்னாலேயே போனேன். சேதாரம் எவ்வளவு என்று நேரில் பார்த்துவிடுவது நல்லது.

தூறல். கடையில் நாலைந்து பேர்தான். மருமகன் ஒரு ஓரமாகக் கிண்ணங்களைத் துடைத்துக்கொண்டிருந்தார். மகள் எங்களைப் பார்த்தாள். முகம் கல்லானது. “வாங்க” என்று சொல்லவில்லை, “போங்க” என்றும் சொல்லவில்லை. இவர் போய் வரிசையின் கடைசியில் நின்றார். அவர் முறை வரும் வரை நின்றார்.

முறை வந்ததும் பெட்டியைத் திறந்து டப்பாவை நீட்டினார். அவள் ஒரு ஸ்பூன் எடுத்தாள். முதலில் அமுக்கிப் பார்த்தாள், அப்பாவின் மகளல்லவா? பிறகு வாயில் வைத்தாள்.

“யார் அடிச்சது?” என்றாள்.

“நான்தான்.”

“காத்து இருக்கு.”

“பாதிக்குப் பாதி இருக்கும்,” என்றார் இவர். அதே நாலாவது மாடிக் குரல். வரிசையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். “இருந்தாத்தான் அது ஐஸ்கிரீம். எனக்குத் தெரியல. எம் பொண்ணுக்குத் தெரியும்.”

அவள் டப்பாவை மூடிக்கொண்டிருந்தாள். மூடி ஏற்கெனவே மூடித்தான் இருந்தது. அப்போது இவர் கை சட்டைப் பைக்குப் போனது. மருமகன் கிண்ணம் துடைப்பதை நிறுத்தினார். வந்த காரியத்தை ஒரு நொடியில் கெடுத்துக்கொள்ளப் போகிறாரே என்று அவர் சட்டையைப் பிடித்து இழுத்தேன். அவர் நகரவில்லை. ரசமட்டத்தை எடுத்துக் கவுண்டரில், தனக்கும் அவளுக்கும் நடுவே நீளவாக்கில் வைத்தார்.

குமிழி அவள் பக்கமாக ஓடி, கோடுகளையெல்லாம் தாண்டிக் குழாயின் கோடியில் போய் ஒட்டிக்கொண்டது. எனக்குத் தெரிந்தது. அவளுக்குத் தெரிந்தது. கண் பரிசோதிக்கிற மருமகனுக்குக்கூடத் தெரிந்தது. இவர் குனிந்து, தளத்தில் பார்ப்பது போலவே ஒரு கண்ணை மூடி நிதானமாகப் பார்த்தார். நிமிர்ந்தார்.

“சரியா இருக்கு,” என்றார்.

மகள் அந்தக் குமிழியையே பார்த்தாள், பிறகு அவர் முகத்தைப் பார்த்தாள்.

“குமிழி எங்க நிக்குதுன்னு தெரியுதாப்பா?”

“தெரியுது. கண்ணெல்லாம் நல்லாத்தான் இருக்கு,” என்றார். ரசமட்டத்தை எடுத்துத் துடைத்துப் பைக்குள் போட்டுக்கொண்டார். ரசமட்டத்தை வைத்து அந்த மனிதர் சொன்ன முதல் பொய் அது. நான் எத்தனை வருஷம் எதிர்பார்த்தும் எனக்குச் சொல்லாத பொய். எனக்குப் பொறாமையாக இருந்திருக்க வேண்டும், ஆனால் கண்ணில் தண்ணீர் நின்றது.

அவள் முதுகைத் திருப்பிக்கொண்டு வெகு நேரம் எதையோ தேடினாள். திரும்பியபோது கையில் ஒரு கிண்ணம் இருந்தது. அவளுடைய ஐஸ்கிரீம். கிரம்பிளை மேலே கொஞ்சம் தாராளமாகவே தூவியிருந்தாள். ஸ்பூனைச் செருகி, கவுண்டரில் தன் பக்கத்து விளிம்பில் வைத்துவிட்டுக் கையை எடுத்தாள். கிண்ணம் மெதுவாக நகர்ந்து அவரிடம் வந்தது. அவர் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

நின்றபடியே தின்றார். அவள் அடுத்த ஆளுக்குக் கிண்ணம் எடுத்துக்கொண்டே, எங்கள் பக்கம் திரும்பாமல், “அம்மா, ஞாயித்துக்கிழமை என்ன சமைக்கற?” என்று கேட்டாள்.